தலைமையும் தொழிலாளரும்: ஜிம் அலனின் எழுத்துருக்கள் பற்றிய ஒரு நோக்கு

திரைப்படம் ஒன்றின் கர்த்தா யார் என்னும் வினாவுக்குத் திரைப்படத் திறனாய்வு நீண்டகாலமாக நெறியாளரையே விடையாகச் சுட்டி வந்துள்ளது. 1954இல் ஃபிரான்சுவா த்ரூஃபோ எழுதிய புகழ்பெற்ற கட்டுரை, அடிப்படையில் திரைக்கதையாசிரியருக்கு எதிரான குற்றப்பத்திரிகையே. அதன் வழிவந்த கர்த்தாக் கோட்பாடு படைப்பின் ஒருமையை நெறியாளரின் ஆளுமையில் தேடிற்று. பலரது உழைப்பின் சேர்க்கையால் உருவாகும் உற்பத்திப் பொருளொன்றைத் தனியொருவரின் அகவெளிப்பாடாகக் காண்பது முதலாளித்துவக் கலைக்கொள்கையின் இயல்பு. ஆயின் இடதுசாரித் திறனாய்வாளரும் இவ்வழக்கத்தைத் தயக்கமின்றிப் பின்பற்றியமை சற்று வியப்புக்குரியதே. கென் லோச் என்னும் பெயர் இன்று தொழிலாளவர்க்கத் திரைப்படத்துக்கு மறுபெயர் போல வழங்குகின்றது. அவர் நெறிப்படுத்திய அரசியற் படைப்புகளுள் மிகக் காத்திரமான ஆறினை எழுதியவர் ஜிம் அலன். அவரது பெயர் ஆய்வு நூல்களின் அடிக்குறிப்புகளுக்கு அப்பால் அரிதாகவே செல்கின்றது.

அலனுக்கு உரிய இடத்தைப் பெற்றுக்கொடுத்தல் மாத்திரம் எமது நோக்கமன்று. அவருடைய எழுத்துருக்களைத் தனியே எடுத்து நோக்கும்போது ஒரு பிரச்சினை துலக்கமாகின்றது. தொழிலாளரின் தோல்விகளுக்கு அவர்களது தலைமைகள் இழைத்த காட்டிக்கொடுப்பே காரணம் என்னும் அரசியற் கருத்தொன்று, முப்பது ஆண்டுகளாக அவருடைய நாடகங்களின் கட்டமைப்பாகவே தொழிற்பட்டது. அக்கருத்து அவருக்கு எங்கே உதவிற்று, எங்கே தடையாயிற்று, எங்கே அவரை வழிதவறச் செய்தது என்பதே ஈண்டு ஆராயப்படுகின்றது.

அலன் 1926இல் மான்செஸ்ரரின் மைல்ஸ் பிளற்றிங் பகுதியில், ஐரிஷ் வழிவந்த கத்தோலிக்கத் தொழிலாளர் குடும்பத்திற் பிறந்தார். பதின்மூன்று வயதிற் பள்ளியை விட்டார். போர்க்காலத்தில் இராணுவத்திற் சேர்ந்தார். படைச்சேவைக் காலத்திற் சிறைப்பட்டிருந்தபோது சக கைதி ஒருவர் வாயிலாகவே சோஷலிசக் கருத்துகள் அவருக்கு அறிமுகமாயின. பின்னர் கட்டடத் தொழிலாளியாகவும் கப்பற்றொழிலாளியாகவும் சுரங்கத் தொழிலாளியாகவும் உழைத்தார். 1958இல் சுரங்கத் தொழிலாளருக்கான கிளர்ச்சிப் பத்திரிகை ஒன்றைத் தொடங்குவதிற் பங்குகொண்டார். ஜெரி ஹீலியின் தலைமையில் இயங்கிய ரொட்ஸ்கிய அமைப்பான சோஷலிச லேபர் லீக்கில் உறுப்பினராக இருந்தார். பின்னர் அவ்வமைப்பை விட்டு விலகியபோதிலும் ரொட்ஸ்கியின் அரசியல் நோக்கை அவர் ஒருபோதும் கைவிடவில்லை.

இவ்வாழ்க்கை வரலாற்றை நாம் எடுத்துரைப்பது அலனின் 'பாட்டாளி வர்க்கப் பிறப்புச் சான்றிதழை' முன்வைப்பதற்கன்று. உழைப்பாளியாகப் பிறந்தமையால் மாத்திரம் எவரும் நல்ல எழுத்தாளராகிவிடுவதில்லை; அத்தகைய மயக்கம் முற்போக்கு இலக்கியத்துக்குப் போதிய தீங்கு செய்துள்ளது. கவனிக்கற்பாலது வேறொன்று. தொழிற்சங்கக் கூட்டத்தில் எழுந்து பேசி, எதிர்த்தரப்பை மறுத்து, கைகளை உயர்த்துவித்து வாக்குப்பெறும் பயிற்சி அவருக்கு எழுத்துக்கு முன்பே வாய்த்திருந்தது. அவரது நாடகங்களின் அடிப்படை அலகு கூட்டமே. ஏனைய நாடகாசிரியர் வரவேற்பறையிலும் படுக்கையறையிலும் மோதல்களை அமைத்தனர். அலன் துறைமுக வாயிலிலும் வேலைத்தளச் சிற்றுண்டிச்சாலையிலும் ஊர்ச் சபையிலும் அவற்றை அமைத்தார். வாதம் அவருக்கு நாடகச் செயலேயாகும்.

1965இல் 'கொரோனேஷன் ஸ்ட்ரீற்' என்னும் தொடருக்கு எழுதத் தொடங்கியமை அவரது தொழில்முறைப் பயிற்சிக் காலம். மக்கள் மிக விரும்பிய அத்தொடரின் அச்சுக்குள் அவர் நெடுங்காலம் நிலைக்கவில்லை. அக்காலத்தில் பி.பி.சி. தனிநாடகங்களை வாரந்தோறும் ஒளிபரப்பி வந்தது. 1964 முதல் 'புதன்கிழமை நாடகம்' என்னும் தலைப்பிலும், 1970 முதல் 1984 வரை 'இன்றைய நாடகம்' என்னும் தலைப்பிலும் அவை வெளிவந்தன. தொலைக்காட்சி நாடகம் எழுத்தாளனின் ஊடகம் என்று கருதப்பட்ட காலம் அது. அரச உரிமைச் சாசனத்தின்கீழ் இயங்கிய நிறுவனமொன்றின் ஒலி-ஒளிச் சாதனங்கள், சில ஆண்டுகளுக்கேனும், புரட்சிகர சோஷலிஸ்ட் ஒருவரின் கைக்கெட்டியமை ஒரு வரலாற்று முரண்பாடு. போருக்குப் பிந்திய சமரச ஏற்பாடும், விரிந்துவந்த தொலைக்காட்சிக்கு எழுத்தாளர் தேவைப்பட்டமையும், ரொனி கார்னெற் போன்ற தயாரிப்பாளரின் சாதுரியமும் அதற்கு இடமளித்தன. அவ்வேற்பாடு குலைந்தபோது அலனின் தொலைக்காட்சி வாழ்வும் குறுகிற்று என்பதைப் பின்னர் காண்போம்.

1967இல் ஜக் கோல்டின் நெறியாள்கையில் வெளிவந்த 'த லம்ப்', கட்டடத் தொழிலில் நிலவிய உபஒப்பந்தமுறை பற்றியது. தொழிலாளர் சுயதொழில் செய்வோராகக் கணிக்கப்பட்டு, காப்புறுதியோ விடுமுறையோ தொழிற்சங்கமோ இன்றி, கையிற் காசாகக் கூலிபெறும் முறை அது. உழைப்புச் சக்தியை விற்பவன் தன்னைச் சிறு முதலாளியாகக் கருதிக்கொள்ளும் கருத்துநிலை மயக்கம் அம்முறையின் உள்ளடக்கம். அலன் இதனை விரிவுரையாக்கவில்லை; கையில் நோட்டுக்கட்டு விழும்போது ஒரு மனிதனின் முகம் எவ்வாறு மாறுகின்றது என்று காட்டினார். ஐந்து ஆண்டுகளின் பின்னர், 1972இல், பிரித்தானியக் கட்டடத் தொழிலாளர் நடத்திய பெரும் வேலைநிறுத்தத்தின் கோரிக்கைகளுள் இம்முறையை ஒழிப்பதும் ஒன்று. அவ்வேலைநிறுத்த மறியலுக்காகச் சிறைசென்றவர்களுள் ஒருவரான ரிக்கி ரொம்லின்சன், பிற்காலத்தில் அலனின் எழுத்துருக்களிலேயே நடிகராகத் தோன்றினார். அவர்மீதான தீர்ப்பு 2021இல் மேன்முறையீட்டு நீதிமன்றத்தால் இரத்துச் செய்யப்பட்டது. கலைக்கும் சமூகத்துக்குமுள்ள தொடர்பைப் பற்றிப் பொதுப்படப் பேசுவோர் இத்தகைய குறிப்பான பிணைப்புகளைக் கவனித்தல் நன்று.

1969இல் ஒளிபரப்பான 'த பிக் ஃபிளேம்' (பெருஞ்சுவாலை) அலனும் லோச்சும் இணைந்த முதற் படைப்பு. துறைமுகத் தொழிலைச் சீரமைப்பதற்கான டெவ்லின் அறிக்கையின் பரிந்துரைகள் நடைமுறைக்கு வந்த 1967இல், லிவர்பூல் துறைமுகத்தில் நீண்ட வேலைநிறுத்தம் நிகழ்ந்தது. அலன் அதற்கு அப்பாற் சென்றார். அவரது துறைமுகத் தொழிலாளர் வேலையை நிறுத்துவதோடு அமையாது துறைமுகத்தையே கைப்பற்றித் தாமே நடத்தத் தலைப்படுகின்றனர். சில நாட்களின் பின் அரசு படையை அனுப்புகின்றது, தலைவர்கள் சிறைசெல்கின்றனர். கிளைட் ஆற்றோரக் கப்பற்கட்டுத் தொழிலாளர் 1971இல் தமது தளங்களைக் கைப்பற்றித் தொடர்ந்து உழைத்த போராட்டத்துக்கு இரு ஆண்டுகள் முந்திய கற்பனை இது. லிவர்பூலில் உருவான புரட்சிகரக் குழு ஒன்று இந்நாடகத்தின் தலைப்பையே தன் பெயராகக் கொண்டது.

யதார்த்தவாதம் பற்றி றேமண்ட் வில்லியம்ஸ் 1970களின் நடுப்பகுதியில் ஆற்றிய விரிவுரை இந்நாடகத்தை முதன்மைச் சான்றாக எடுத்துக்கொண்டமை பலர் அறிந்ததே. நடப்பியலைப் பதிவுசெய்யும் முறையில் தொடங்கும் நாடகம், ஒரு கட்டத்தில் 'இவ்வாறு நிகழ்ந்தால் என்ன?' என்னும் கருதுகோளாக மாறுவதை அவர் சுட்டினார். அக்கணிப்பு எமக்கு உடன்பாடே. ஆயின் ஒன்றைச் சேர்த்துக் கூறவேண்டும். நாடகம் கருதுகோளுக்குத் தாவும் கணம், கூட்டத்துக்கு வெளியிலிருந்து ஒருவர் அழைத்துவரப்படும் கணமே. ஜக் றீகன் என்னும் அப்பாத்திரம் தொழிலிலிருந்து விலக்கப்பட்ட பழைய போராளி, ரொட்ஸ்கியவாதி. அவர் வந்து பேசிய பின்னரே தொழிலாளர் புதிய வழியைக் காண்கின்றனர். சரியான தலைமை கிடைத்தால் வர்க்கம் எழும், பிழையான தலைமை வாய்த்தால் வீழும் என்னும் சூத்திரம் இங்கு முதன்முறையாக நாடக வடிவம் பெறுகின்றது. மக்கள் ஆயிரக்கணக்கில் இருக்கின்றனர். ஆயினும் வரலாற்றின் திறவுகோல் ஒருவரின் சட்டைப்பையிலேயே இருக்கின்றது.

இச்சூத்திரத்தின் ஊற்று எதுவென்பதை மார்க்சிய வாசகருக்கு விளக்கவேண்டியதில்லை. மனிதகுலத்தின் நெருக்கடியைப் புரட்சிகரத் தலைமையின் நெருக்கடியாகக் கணித்த ரொட்ஸ்கியின் 1938ஆம் ஆண்டு வேலைத்திட்டமே அது. அலன் சார்ந்திருந்த இயக்கம் உலகின் எப்பகுதியிலும் நிகழ்ந்த தோல்விகளை இக்கண்ணாடி வழியே நோக்கிற்று. 1964 ஜூனில் லங்கா சமசமாஜக் கட்சி கூட்டரசாங்கத்திற் சேர முடிவெடுத்த மாநாட்டுக்கென ஹீலி கொழும்புவரை வந்து, அனுமதி மறுக்கப்பட்டுத் திரும்பியமையும், அம்முடிவு அவ்வியக்கத்தின் பிரசுரங்களிற் காட்டிக்கொடுப்பின் பேருதாரணமாக நெடுங்காலம் எடுத்தாளப்பட்டமையும் இந்நாட்டு வாசகருக்குப் புதிய செய்தியன்று. ஆகையால் அலனின் கோபத்தின் தன்மையை நாம் பிறரைவிடச் சுலபமாக உணரலாம். அதன் எல்லையையும் அவ்வாறே உணரலாம்.

1971இல் வந்த 'த றாங்க் அண்ட் ஃபைல்', முந்திய ஆண்டில் சென்ற் ஹெலன்ஸ் நகரின் பில்கிங்ரன் கண்ணாடித் தொழிற்சாலையில் ஏழு வாரங்கள் நிகழ்ந்த வேலைநிறுத்தத்தை அடிப்படையாகக் கொண்டது. நிறுவனத்தின் பெயரும் இடமும் நாடகத்தில் மாற்றப்பட்டன. தொழிலாளரின் தொழிற்சங்கமே அவர்களது வேலைநிறுத்தத்தை எதிர்த்த நிகழ்வு அது. இங்கு அலனின் சூத்திரம் வெறுஞ்சூத்திரமாக நிற்கவில்லை. ஒரே நிறுவனத்தின் நிழலில் ஒரு நகரமே வாழ்வதும், சங்கம் தொழிலாளரைப் பிரதிநிதித்துவப்படுத்துவதைவிட அவர்களை நிருவகிப்பதில் ஆற்றல் பெற்றிருப்பதும் அங்கு காட்டப்படுகின்றன. சங்க அதிகாரியின் துரோகத்துக்கு ஒரு பொருளியல் அடித்தளம் உண்டு. அதனை நாம் காண்கிறோம். அதனாற் கோபம் அறிவாகின்றது.

இனி, அலனின் பெயரோடு மிகுதியாகப் பேசப்படும் 'டேய்ஸ் ஒஃப் ஹோப்' (நம்பிக்கை நாட்கள்) தொடருக்கு வருவோம். 1975இல் நான்கு பகுதிகளாக வெளிவந்த இத்தொடர் 1916, 1921, 1924, 1926 ஆகிய ஆண்டுகளினூடாக ஒரு குடும்பத்தைப் பின்தொடர்கின்றது. போரை மறுத்த பிலிப், அவன் மனைவி சாரா, படையிற் சேர்ந்து அயர்லாந்துக்கு அனுப்பப்பட்டுப் பின் தப்பியோடும் அவளது தம்பி பென் ஆகியோர் மையப் பாத்திரங்கள். பிலிப் தொழிற்கட்சியின் பாராளுமன்ற உறுப்பினனாகின்றான். பென் கம்யூனிஸ்ட் கட்சியிற் சேர்கின்றான். 1926 மே மாதத்துப் பொதுவேலைநிறுத்தம் ஒன்பதாம் நாளிற் கைவிடப்படுவதோடு தொடர் முடிகின்றது. பத்திரிகைகளின் எதிர்ப்புக்குக் குறைவிருக்கவில்லை. அணிவகுப்பில் வீரர் நடந்த முறை சரியா என்பதுவரை வாதித்தனர். ஆளும் வர்க்கம் உள்ளடக்கத்துக்கு அஞ்சும்போது பொத்தான்களை எண்ணத் தொடங்குவது வழமை.

இடதுசாரிகளிடையே எழுந்த விவாதமே பயன்மிக்கது. 'ஸ்கிறீன்' என்னும் ஆய்விதழில் கொலின் மக்கேப், செந்நெறி யதார்த்தவாதப் பிரதி முரண்பாட்டைக் காட்டவல்லதன்று என்று 1974இலேயே வாதித்திருந்தார். கமராவின் கண் உண்மையை அறிந்ததாக நிற்பதால் பார்வையாளனுக்குச் செய்வதற்கு எதுவுமில்லை என்பது அவரது கருத்து. இதனை மறுத்த கொலின் மக்ஆர்தர் 'நம்பிக்கை நாட்கள்' தொடரின் ஒரு காட்சியை எடுத்துக்காட்டினார். டேர்ஹம் சுரங்க முதலாளி, பிடிக்கப்பட்ட தொழிலாளருக்குப் பிரித்தானியாவின் அமைதியான, படிப்படியான முன்னேற்ற மரபு பற்றி உரையாற்றுகின்றார். அவருக்குப் பின்னே படைவீரர் துப்பாக்கிமுனைக் கத்திப்பயிற்சி செய்கின்றனர். சொல்லுக்கும் காட்சிக்கும் இடையிலான முரண்பாடு இதுவன்றோ என்றார் மக்ஆர்தர். அம்முரண்பாடு பார்வையாளனுக்கு முன்னமே தீர்த்துவைக்கப்பட்டுவிட்டது என்பது மக்கேப்பின் மறுமொழி.

லூக்காக்ஸ்–பிரெக்ற் விவாதத்தைத் தமிழிற் பயின்ற எவருக்கும் இவ்வாதங்கள் அந்நியமாகத் தோன்றா. எமது கருத்தில் இருவருமே விவாதத்தைத் தவறான தளத்தில் நடத்தினர். கமரா எங்கே நிற்கின்றது என்பதைப் பற்றிப் பேசினார்கள். எழுத்துரு எதனைச் சுற்றிக் கட்டப்பட்டுள்ளது என்பதை வினவவில்லை. முதல் மூன்று பகுதிகளில் வரலாறு தோட்டத்திலும் தேவாலயத்திலும் சுரங்க ஊரின் சமையலறையிலும் நிகழ்கின்றது. நான்காம் பகுதியில் அது பேச்சுவார்த்தை அறைகளுக்குள் புகுந்துவிடுகின்றது. தொழிற்சங்கக் காங்கிரஸின் தலைவர்களும் அமைச்சர்களும் மூடிய கதவுகளுக்குப் பின்னே பேசுவதை நாம் நீண்டநேரம் காண்கிறோம். காட்டிக்கொடுப்பை நிறுவ வேண்டுமாயின் காட்டிக்கொடுப்போரை அருகில் வைத்துக் காட்டவேண்டும். அவ்வாறு காட்டக்காட்ட, வேலைநிறுத்தம் செய்த இலட்சோபலட்சம் பேர் திரைக்கு வெளியே தள்ளப்படுகின்றனர். ஒவ்வோர் ஊரிலும் உணவு விநியோகத்தையும் போக்குவரத்தையும் கட்டுப்படுத்திய செயற்குழுக்கள், அதாவது வர்க்கம் தன்னைத் தானே ஆளத்தொடங்கிய கருநிலை வடிவங்கள், அலனின் அரசியலுக்கே மிக உகந்த விடயங்கள். அவற்றுக்கு இத்தொடரிற் கிடைத்த இடம் சொற்பம். மக்களின் ஆற்றலை நம்பிய எழுத்தாளர், தலைவரின் சிறுமையை எழுதுவதில் தன் காலத்தைச் செலவிட்டமை வடிவத்தின் பழிவாங்கலே. துரோகக் கதை எப்போதும் துரோகியையே கதாநாயகனாக்குகின்றது.

இதற்கு மாறாக, 1978 ஜனவரியில் றோலண்ட் ஜொஃபேயின் நெறியாள்கையில் ஒளிபரப்பாகிய 'த ஸ்பொஞ்சர்ஸ்' (ஒட்டுண்ணிகள்) நாடகத்தைக் கருதுவோம். அலனின் தொலைக்காட்சி எழுத்துருக்களுள் இதனையே நாம் தலைசிறந்ததாகக் கொள்வோம். ஆண்டு 1977; மகாராணியின் வெள்ளிவிழா. நான்கு பிள்ளைகளோடு தனித்து வாழும் போலின், வாடகை நிலுவைக்காகப் பொருட்களைப் பறிமுதல் செய்ய வருவோரை எதிர்கொள்கின்றாள். மகள் போலா, டவுன் குறைபாட்டோடு பிறந்தவள். சிறப்புப் பராமரிப்பு இல்லத்தில் நன்கு தேறிவந்தவள். சமூகசேவைச் செலவைக் குறைக்கும்பொருட்டு உள்ளூராட்சிச் சபை அவளை அங்கிருந்து அகற்றி முதியோர் இல்லமொன்றில் இடுகின்றது. தாய் ஒவ்வொரு கதவாகத் தட்டுகின்றாள். ஈற்றில் தன் பிள்ளைகளையும் தன்னையும் மாய்த்துக்கொள்கின்றாள்.

இந்நாடகத்திற் கொடியவர் எவருமில்லை. அதிகாரிகள் மரியாதையாகப் பேசுகின்றனர். அவர்களுட் சிலர் உண்மையாகவே வருந்துகின்றனர். செலவுக் குறைப்புக்கு வாக்களிப்போர் தொழிற்கட்சி உறுப்பினரே, அவர்களுக்குமேல் 1976இல் சர்வதேச நாணய நிதியத்திடம் கடன்பெற்ற தொழிற்கட்சி அரசு, அதற்குமேல் நிதிமூலதனம். பொறுப்பு ஒரு மேசையிலிருந்து அடுத்த மேசைக்கு நகர்த்தப்பட்டு, ஈற்றில் எவரது மேசையிலும் இல்லாதொழிகின்றது. ஆயினும் ஒரு பெண் இறந்துவிடுகின்றாள். இங்கு அலன் தன் வழமையான குற்றவாளியைத் தேடவில்லை. துரோகம் ஒரு பண்பாகவன்றி ஓர் இயக்கமுறையாகக் காட்டப்படும்போது, பார்வையாளன் வெறுப்பதற்கு ஒரு முகம் கிடையாமல், முழு அமைப்பையும் நோக்கித் திரும்பவேண்டியவனாகின்றான். நாடகத்தின் தலைப்பு அரச தம்பதியரின் விழாப் படத்தின்மீது பொறிக்கப்படுகின்றது. ஒட்டுண்ணிகள் யார் என்னும் வினா அக்கணத்தில் விடைபெற்றுவிடுகின்றது. அந்த ஒரேயோர் இடத்தில்தான் அலன் தன் குரலை உயர்த்துகின்றார்.

இது துயரில் முடங்கும் இயற்பண்புவாதம் என்று கூறப்படலாம். எதிர்ப்பின் சாயலும் இல்லையே என்று கேட்கப்படலாம். அவ்வினாவை நாம் புறக்கணிக்கவில்லை. விவரணத்தை எடுத்துரைப்புக்கு எதிராக நிறுத்திய லூக்காக்ஸ் இந்நாடகத்தை ஐயத்தோடு நோக்கியிருக்கக்கூடும். ஆயின் இயற்பண்புவாதத்தின் குறை, தனி நிகழ்வை முழுமையிலிருந்து துண்டித்துவிடுவதாகும். இங்கோ சபைக் கூட்டமும் வெள்ளிவிழாத் தோரணமும் போலினின் சமையலறையும் ஒரே கணக்கேட்டின் பக்கங்களாக இணைக்கப்பட்டுள்ளன. 1978ஆம் ஆண்டு இத்தாலியப் பரிசு இந்நாடகத்துக்குக் கிடைத்தமை இதன் சிறப்புக்குப் போதிய சான்றன்று. சமூக உதவிக் கந்தோரில் வரிசையில் நின்றவர்கள் இதிற் தம்மைக் கண்டனர் என்பதே பெரிது.

1981இல் வந்த 'யுனைற்றெட் கிங்டம்', செலவுக் குறைப்பை ஏற்க மறுக்கும் குடியிருப்பு மக்களின் கூட்டெதிர்ப்பை முன்வைத்தது. முந்திய நாடகத்தின் இருளுக்கு அது அலன் தாமே எழுதிய மறுமொழி எனலாம். ஆனால் அதன் செறிவு இதற்கில்லை. 1983இல் தன் வாழ்வனுபவங்களைத் தழுவி ஒரு தொடர் எழுதினார். அதன் பின்னர் தொலைக்காட்சியின் கதவுகள் ஒவ்வொன்றாக மூடப்பட்டன. தட்சர் ஆட்சியிற் தனிநாடகம் என்னும் வடிவமே மறைந்துகொண்டிருந்தது. ஓர் எழுத்தாளனின் உற்பத்திச் சாதனம் அவனிடமிருந்து பறிக்கப்பட்டமையின் கதை அது.

அலன் அரங்கை நாடினார். 'பேர்டிஷன்' நாடகம் 1987 ஜனவரியில் இலண்டன் றோயல் கோர்ட் அரங்கில் லோச்சின் நெறியாள்கையில் மேடையேறவிருந்தது; தொடக்கத்துக்கு ஏறத்தாழ ஒன்றரை நாள் முன்னர் அரங்க நிருவாகம் அதனை நிறுத்திற்று. 1944இல் ஹங்கேரி யூதரின் அழிவின்போது அங்கிருந்த சியோனிசத் தலைவர் சிலர் நாசிகளோடு ஒத்துழைத்தனர் என்பதே நாடகம் எழுப்பிய குற்றச்சாட்டு. ஜெருசலேமில் நிகழ்ந்த கஸ்ற்னர் வழக்கு இதன் தூண்டுகோல். அவ்வழக்கில் 1955இல் கீழ்நீதிமன்றம் கஸ்ற்னரைக் கடுமையாகக் கண்டித்தது; 1957இல் அவர் கொலையுண்டார்; 1958இல் உயர்நீதிமன்றம் அத்தீர்ப்பின் பெரும்பகுதியை மாற்றிற்று. நாடகத்தின் வரலாற்றுத் திரிபுகளை வரலாற்றறிஞர் பலர் எடுத்துக்காட்டினர். யூத வெறுப்பு நாடகம் என்னும் குற்றச்சாட்டும் எழுந்தது. அலன் அதனை மறுத்தார்.

ஒரு நாடகத்தைப் பார்க்கப்படுமுன் நிறுத்தியமையை நாம் ஆதரிக்கவில்லை. 1999இல் இலண்டன் கேற் அரங்கில் அது மேடையேறியபோது உலகம் தலைகீழாகிவிடவுமில்லை. ஆனால் தடைசெய்யப்பட்டது என்பதற்காக ஒரு நாடகம் சரியானதாகிவிடாது. இடதுசாரிகளிற் பலர் இவ்விரண்டையும் குழப்பிக்கொண்டனர். 'பேர்டிஷன்' நாடகத்தின் பிழை தனித்தனிச் செய்திகளில் மாத்திரமன்று, வார்ப்பிலேயே உள்ளது. சென்ற் ஹெலன்ஸ் தொழிற்சங்க அதிகாரிக்கு ஓர் அலுவலகம், ஒரு சம்பளம், ஒரு தெரிவு இருந்தன. அவனைத் துரோகி என்று கூறும்போது அச்சொல்லுக்குப் பொருளுண்டு. 1944 மே நடுப்பகுதிக்கும் ஜூலை தொடக்கத்துக்கும் இடையில் நான்கு இலட்சத்துக்கும் மேற்பட்டோர் புகையிரதங்களில் ஏற்றப்பட்ட நாட்டில், ஏற்றப்படவிருந்தவர்களுள் ஒருவரான சமூகத் தலைவருக்கு எத்தகைய தெரிவு இருந்தது? கொலைகாரனின் அதிகாரத்தையும் கொல்லப்படுவோரின் தலைமையையும் ஒரே நாடகக் கூண்டில் ஏற்றி, பின்னவரை விசாரிக்கத் தொடங்கியதும் முன்னவர் நிழலுக்குள் ஒதுங்கிவிடுகின்றார். துறைமுகத்தில் உருவான ஒரு சூத்திரம் அழித்தொழிப்பு முகாமின் வாயிலிற் பொருந்தவில்லை. அரசியல் நோக்கம் எதுவாயினும், சூத்திரம் சிந்தனையின் இடத்தைப் பிடித்துக்கொண்டதன் விளைவு இது.

1990ஆம் ஆண்டின் 'ஹிடன் அஜெண்டா' வட அயர்லாந்தில் அரச படைகளின் கொலைகள் பற்றியது. அரச இயந்திரத்தின் இரகசியச் செயல்களை அம்பலப்படுத்தும் துணிவு அதற்கு உண்டு. கான் விழாவில் நடுவர் பரிசும் பெற்றது. துப்பறியும் கதையின் வார்ப்புக்குள் அது அடங்கிவிட்டமையால் இங்கு விரித்துப் பேசவில்லை. சதியென்பது துரோகத்தின் உடன்பிறப்பே.

1993இல் வந்த 'றெயினிங் ஸ்ரோன்ஸ்' (கல்மழை) வேறொரு அலனைக் காட்டுகின்றது. வடமான்செஸ்ரரில் அவர் நெடுங்காலம் வாழ்ந்த லங்லி குடியிருப்பே களம். வேலையற்ற பொப், மகளின் முதல்நன்மைச் சடங்குக்குப் புத்தாடை வாங்கவேண்டும் என்று பிடிவாதம் கொள்கின்றான். ஆடு திருடுகின்றான், நண்பனோடு சேர்ந்து பழமைபேண் கட்சிக் கழகத்தின் புற்றரையையே சுருட்டிக்கொண்டு போகின்றான். நாம் சிரிக்கின்றோம். அவனது கடன் வட்டிக்காரன் ஒருவனுக்குக் கைமாறும்போது சிரிப்பு நின்றுவிடுகின்றது. வட்டிக்காரன் இறந்தபின் பொப் பாவத்தைச் சொல்லச் செல்வது பங்குத்தந்தையிடம். அக்குரு கடன் பதிவேட்டை எரித்துவிட்டு அவனை வாய்மூடியிருக்கச் சொல்கின்றார். நாத்திகரான அலன், தன் இளமைக்காலத் திருச்சபையின் பிரதிநிதியை இவ்வாறு எழுதியமை சிந்திக்கத்தக்கது. தலைமை என்பது இங்கு காட்டிக்கொடுக்கவில்லை. சட்டத்துக்கு எதிராக ஏழையின் பக்கம் நிற்கின்றது. புத்தாடையின்மீது பொப் கொண்ட பிடிவாதத்தையும் அலன் பொய்யுணர்வு என்று ஒதுக்கவில்லை. அனைத்தையும் இழந்தவன் மானத்தைப் பற்றிக்கொள்வதன் வர்க்கப் பொருளை அவர் அறிந்திருந்தார்.

1995இல் வந்த 'லாண்ட் அண்ட் ஃப்ரீடம்' (நிலமும் விடுதலையும்) அவரது இறுதிப் பெரும் எழுத்துரு. 1999இல் அவர் காலமானார். லிவர்பூலின் வேலையற்ற கம்யூனிஸ்ட் இளைஞன் டேவிட் ஸ்பானிய உள்நாட்டுப் போருக்குச் சென்று, தற்செயலாக போயும் கட்சியின் மக்கட்படையிற் சேர்கின்றான். பாசிசத்துக்கு எதிரான போர் ஒருபுறமிருக்க, 1937 மேயில் பார்சலோனாத் தெருக்களில் இடதுசாரிகளே ஒருவரையொருவர் சுட்டுக்கொள்ளும் நிலைக்கு அவன் தள்ளப்படுகின்றான். ஈற்றில் அவனது படைப்பிரிவு குடியரசின் படையாலேயே நிராயுதமாக்கப்படுகின்றது. அவன் நேசித்த பிளங்கா அங்கு சுடப்பட்டு இறக்கின்றாள். ஸ்ராலினியத்தின் காட்டிக்கொடுப்பு என்னும் அலனின் பழைய கருப்பொருள் இங்கு முழுவலிமையோடு மீள்கின்றது. சர்வதேசப் படையணியின் முன்னாள் வீரர் சிலர் இதனைக் கண்டித்தனர். பாசிசத்தை எதிர்க்க ஒழுங்குபடுத்தப்பட்ட படையும் சோவியத் ஆயுதமும் வேண்டியிருந்தன என்னும் அவர்களது வாதம் இலகுவில் ஒதுக்கத்தக்கதன்று. எமக்கும் படத்தின் அரசியலோடு முழு உடன்பாடு இல்லை.

எனினும் இந்த எழுத்துரு 'நம்பிக்கை நாட்கள்' விழுந்த குழியில் விழவில்லை. அதற்குக் காரணம் படத்தின் நடுவே வரும் நீண்ட கூட்டக் காட்சி. பாசிசப் படையிடமிருந்து மீட்கப்பட்ட ஊரொன்றில், நிலப்பிரபுவின் வீட்டில், நிலத்தைக் கூட்டுடைமையாக்குவதா என்று மக்கள் விவாதிக்கின்றனர். அறகோன் மலைப்பகுதியின் மிராம்பெல் என்னும் ஊரிற் படமாக்கப்பட்ட இக்காட்சியில் நடிகரோடு உள்ளூர் மக்களும் தம் மொழியிலேயே வாதிட்டனர். இதில் எச்சொல் அலனுடையது, எச்சொல் அக்கணத்திற் பிறந்தது என்று பிரித்தறிதல் இயலாது, பிரிக்கவும் வேண்டியதில்லை. ஒரு போர்ப்படத்தின் மையத்தில், சண்டை எதுவுமின்றி, ஏறத்தாழப் பன்னிரண்டு நிமிடங்கள் மனிதர் நிலத்தைப் பற்றி வாதிடவேண்டும் என்று தீர்மானித்தவன் கூட்டங்களில் வளர்ந்த எழுத்தாளனே.

அமெரிக்கரான லோறன்ஸ் அக்கூட்டத்தில் எழுந்து, புரட்சியைத் தள்ளிவைக்கவேண்டும், வெளிநாட்டு அரசுகளைப் பயமுறுத்தினால் ஆயுதம் கிடையாது என்கின்றான். பின்னர் பிளங்காவின் பிரிவை நிராயுதமாக்க வரும் படையின் சீருடையில் நிற்பவனும் அவனே. ஆனால் அவன் துரோகியாக அறிமுகமாகவில்லை. அறைக்குள் இருந்தவர்களுள் மிகத் தெளிவாகப் பேசியவர்களில் ஒருவனாக அறிமுகமாகின்றான். அவனது தர்க்கத்தை முழுமையாகக் கேட்டபின்னரே அதன் விலையை நாம் காண்கிறோம். அதே கூட்டத்தில் பெப்பே என்னும் சிறு விவசாயியும் பேசுகின்றான். தன் துண்டு நிலத்தைத் தானே பாடுபட்டுப் பண்படுத்தியதாகவும், கூட்டுடைமையிற் சேர விரும்பவில்லையென்றும் கூறுகின்றான். அவனைப் பிற்போக்காளன் என்று ஒருவரும் விரட்டவில்லை. வாக்கெடுப்பு நடக்கின்றது, பெரும்பான்மைக் கைகள் உயர்கின்றன. பெப்பேயின் வினாவுக்கு அக்கைகளைத் தவிர வேறெந்த விடையையும் அலன் எழுதி வைக்கவில்லை.